அழுதுவிட்டுக் கேட்பவர்

அக்காவை நினைத்தால் எனக்கு முதலில் முகம் வருவதில்லை. முதுகில் ஒரு கனம்தான் வருகிறது. எழவு வீட்டில் செய்தி எடுத்துவிட்டுத் திரும்பும்போது, வண்டியின் பின்னால் உட்கார்ந்தபடியே அவர் தூங்கிப்போவார். தைலமரக் காட்டுக்கு நடுவே சாலை போய்க்கொண்டேயிருக்கும். மரங்களுக்கிடையே வெயில் விட்டுவிட்டு விழும். அவர் தலை என் முதுகில் முட்டும், விலகும், மறுபடி முட்டும். "அக்கா, விழுந்துறாதீங்க" என்பேன். "தூங்கலங்க தம்பி" என்பார், தூங்கிக்கொண்டே. வண்டியை நடக்கிற வேகத்துக்குக் குறைத்துவிடுவேன். இன்றைக்கு அந்தச் சாலையில் தனியாகப் போனாலும் என் கை தானாகவே வேகத்தைக் குறைக்கிறது. பின்னால் வருகிறவன் ஹாரன் அடித்துத் திட்டிவிட்டுப் போகிறான். திட்டட்டும்.

அவர் ஒரு டிவி சேனலுக்குப் புதுக்கோட்டை மாவட்டப் பகுதிநேர நிருபர். நான் கேமரா. கல்யாணம், காதுகுத்து, பூப்புனித நீராட்டு என்று வீடியோ எடுத்துப் பிழைத்துக்கொண்டிருந்தவனை அவர்தான் இந்த வேலைக்குக் கூட்டிவந்தார். அவர் பெயரைச் சொல்ல மாட்டேன். இதில் வருகிற யார் பெயரையும் சொல்லப்போவதில்லை. திரைக்கு அடியில் எழுத்தாக ஓடி ஓடித் தேய்ந்த பெயர்கள் அவை. போதும்.

முதன்முதலாக என்னைக் கூட்டிப்போனது அன்னவாசல் பக்கம் ஒரு வீட்டுக்கு. வளைகுடாவுக்குக் கட்டட வேலைக்குப் போனவர் அங்கேயே இறந்துவிட்டார். உடல் இன்னும் வரவில்லை. தெருவில் மற்றச் சேனல்காரர்கள் ஏற்கெனவே முண்டியடித்துக்கொண்டிருந்தார்கள். அக்கா வண்டியிலிருந்து இறங்கினார். மைக்கில் மாட்டியிருந்த சேனல் பெயர்க் கட்டையைக் கழற்றிக் கைப்பையில் போட்டார். செருப்பைக் கழற்றினார். நெற்றியிலும் மார்பிலும் சிலுவை போட்டுக்கொண்டார். "தம்பி, நான் சொல்றவரைக்கும் கேமரா தரையப் பாக்கட்டும்" என்றார். உள்ளே போனார்.

எங்கள் பக்கத்து எழவு வீட்டைப் பார்த்தவர்களுக்குத் தெரியும். பெண்கள் வட்டமாக உட்கார்ந்து, ஒருவர் தோள்மேல் ஒருவர் கைபோட்டு, தலையோடு தலை சேர்த்து அழுவார்கள். புதிதாக வருகிற பெண் அந்த வட்டத்துக்குள் புகுந்து தானும் கைபோட்டுக்கொள்ள வேண்டும். அக்கா புகுந்தார். அப்படியொரு அழுகை! மூக்கு ஒழுக, குரல் உடைய, கொண்டை அவிழ, சொந்த அண்ணனைப் பறிகொடுத்தவர் மாதிரி அழுதார். எனக்குத் தூக்கிவாரிப்போட்டது. பக்கத்தில் நின்ற பெரியவரிடம், "இவங்க ஒங்களுக்குச் சொந்தமாங்கய்யா?" என்று கேட்டேன்.

"நீதானப்பா கூட்டியாந்த. எங்களக் கேட்டா?" என்றார் அவர்.

கொஞ்ச நேரம் கழித்து அக்கா வெளியே வந்தார். குழாயடியில் முகம் கழுவினார். முந்தானையால் துடைத்துக்கொண்டு, "வாங்க தம்பி, இப்பக் கேக்கலாம்" என்றார். குரலில் அழுத சுவடே இல்லை. இறந்தவரின் மனைவி தானாகவே எழுந்து வந்து அக்காவின் பக்கத்தில் நின்று பேசினார். எந்தக் கம்பெனி, யாருக்குப் போன் போட்டும் எடுக்கவில்லை, உடலை அனுப்ப யாரைக் கேட்பது என்றே தெரியவில்லை என்று ஒவ்வொன்றாகச் சொன்னார். மற்றச் சேனல்காரர்களுக்கு அந்தப் பெண்ணின் ஓலம் மட்டும் கிடைத்தது. எங்களுக்கு அவர் பேச்சு கிடைத்தது.

திரும்பும் வழியில் எனக்கு வாய் சும்மா இருக்கவில்லை. "முன்னப்பின்ன தெரியாத வீட்டுல எப்படிக்கா இப்படி அழுவுறீங்க?" என்றேன்.

"எழவு வீட்டுல அழுவாம நின்னா, அது வேடிக்கை பாக்குறதுங்க தம்பி. வேடிக்கை பாக்க வந்தவங்களுக்குக் கேள்வி கேக்க என்ன ரைட்ஸ் இருக்கு?" என்றார். "அழுதுட்டுத்தான் கேக்கணும்."

இதுதான் அவர். இதைத் தாண்டி அவரிடம் பெரிய கொள்கை கிள்கை எதுவும் கிடையாது. வேர்க்கடலை என்றால் உயிர். கைப்பையில் மைக்குக்குப் பக்கத்தில் எப்போதும் ஒரு பொட்டலம் இருக்கும். சேனல் பெயர்க் கட்டையில் கடலைத் தோல் ஒட்டிக்கொண்டு நேரலையில் தெரிந்ததுகூட உண்டு. பொய்யும் கூசாமல் சொல்வார். சென்னையில் எங்கள் செய்திகளை வாங்கி ஒளிபரப்புகிற டெஸ்க்கில் ஒருவர் இருந்தார். அவருக்கு எழவுச் செய்தி என்றால் அழுகிற முகம் வேண்டும், அதுவும் குளோசப்பில் வேண்டும். அக்காவோ, அழுகிற முகத்தை எடுக்க விடமாட்டார். போனில் அந்த மனிதர் கத்துவது எனக்கே கேட்கும்.

"மேடம், அழுற ஷாட் எங்க? காலி நாற்காலியையும் செருப்பையும் எடுத்து அனுப்பியிருக்கீங்க! எவன் பார்ப்பான்?"

"சார்... சார்... இங்கிட்டு டவர் இல்ல சார்" என்பார் அக்கா, கலெக்டர் ஆபீஸ் வாசலில் நின்றுகொண்டு. கடலையை வாயில் போட்டுக்கொள்வார்.

எனக்குக் கோபம் மூக்குக்கு மேலே வரும். போனைப் பிடுங்கி நாலு வார்த்தை கேட்கலாமா என்று கை பரபரக்கும். அக்கா என்னைப் பார்த்துச் சிரிப்பார்.

ஆவூர்ப் பக்கத்துக் கிறிஸ்தவக் குடும்பம் அவருடையது. ஒருமுறை ஒரு கண்மாய்க் கரையில் வண்டியை நிறுத்திவிட்டு, சூடு தணியட்டும் என்று உட்கார்ந்திருந்தோம். தண்ணீரும் வானமும் ஒரே நிறத்தில் கிடந்தன. எங்கோ ஒரு மணிச்சத்தம் கேட்டது. ஆட்டு மணியோ என்னவோ. அக்கா பேச்சை நிறுத்திவிட்டுக் காதைக் கொடுத்தார்.

"எங்கூர்ல யாராச்சும் செத்துட்டா மாதாகோயில் மணிய மெதுவா அடிப்பாங்க தம்பி. ஒண்ணு அடிச்சு, அது அடங்கி, அப்பறம் இன்னொண்ணு. அதக் கேட்டாலே எங்கம்மா அடுப்ப அணைச்சுட்டு அழுவ ஆரம்பிச்சிரும். யாருன்னு தெரியாது. அழுதுகிட்டேதான் வெளிய வந்து, யாரு, யாரு போயிட்டாங்கன்னு கேக்கும். தெருவே அப்படித்தான் கேக்கும்." கடலைத் தோலை ஊதிவிட்டு, "யாருன்னு தெரிஞ்சப்பறம் அழுவுறது எல்லாருஞ் செய்யிறதுதான்" என்றார்.

சும்மா சொல்லக்கூடாது, எனக்கு அவர்மேல் மரியாதை இருந்த அளவுக்குச் சந்தேகமும் இருந்தது. மற்ற நிருபர்கள் அவரை 'கிளிசரின்' என்றுதான் கூப்பிடுவார்கள். அழுது அழுது ஆளை மயக்கிப் பேட்டி வாங்குகிறது என்பார்கள். அப்படிச் சொல்கிறவர்கள் யோக்கியதை எனக்குத் தெரியும். அதில் ஒருவன், மகனைப் பறிகொடுத்த வீட்டில் பேட்டி எடுத்துவிட்டு, "தேங்க்யூம்மா, போயிட்டு வாரோம்" என்று கும்பிட்டவன். எழவு வீட்டில் யாராவது போயிட்டு வாரேன் என்பார்களா? செத்தவரின் மாமன் துண்டை உதறிக்கொண்டு அடிக்க வந்துவிட்டார். இருந்தாலும் அக்காவைப் பற்றி அவர்கள் சொன்னது எனக்குள்ளே ஊறிக்கொண்டுதான் இருந்தது. முகத்தைக் கழுவியதும் போய்விடுகிற அழுகை என்ன அழுகை?

வல்லத்திராக்கோட்டைப் பக்கம் ஒரு கல்குவாரிப் பள்ளத்தில் மழைத்தண்ணீர் நின்று, அதில் ஒரு பையன் மூழ்கிவிட்டான். கல்லூரியில் படித்தவன். அக்கா வழக்கம்போல் போய் அழுதார். அவனுடைய மூத்த சகோதரி எங்களிடம் தெளிவாகப் பேசினாள். வேலி போடச் சொல்லி ஊரே கேட்டது, குவாரிக்காரர் காதில் போட்டுக்கொள்ளவில்லை, இதற்கு முன்னால் ஆடு மாடு விழுந்தபோதே சொன்னோம் என்று. பேசி முடிக்கும்போது மட்டும் அவள் கண்ணில் தண்ணீர் இறங்கிவிட்டது. நான் கேமராவைத் தாழ்த்துவதற்குள் பதிவாகிவிட்டது. முழுப் பேச்சையும் அனுப்பினோம்.

டெஸ்க்காரர் பேச்சு மொத்தத்தையும் வெட்டிவிட்டார். கடைசியில் இறங்கிய அந்தக் கண்ணீரை மட்டும் எடுத்து, மெதுவாக ஓடவிட்டு, பின்னால் வயலினைப் போட்டு, 'தம்பியை இழந்த அக்காவின் கதறல்' என்று நாள் முழுக்க ஓட்டினார். வேலியும் இல்லை, குவாரியும் இல்லை.

பிறகு ஒருநாள் அந்த ஊர் வழியாகப் போனோம். நான் வேண்டாமென்று சொல்லியும் அக்கா அந்த வீட்டில் நிறுத்தச் சொன்னார். அந்தப் பெண் வாசலிலேயே மறித்துக்கொண்டாள்.

"எங்கூடக் கட்டிப்புடிச்சு அழுதீங்கல்ல? அழுவுறதுக்கு மட்டுந்தான் நான் வேணுமா? நான் சொன்னதெல்லாம் எங்க போச்சு? எந் தம்பி சாவ வச்சு மியூசிக் போடுறீங்க!"

எனக்குப் பொறுக்கவில்லை. அதைச் செய்தது நாங்களில்லை, சென்னையில் உட்கார்ந்திருக்கிறவர் என்று சொல்ல வாயெடுத்தேன். அக்கா என் கையைப் பிடித்து அழுத்தினார். "தப்புதாம்மா" என்றார். அவ்வளவுதான். அவள் கதவைச் சாத்திக்கொண்டாள்.

"ஏங்க்கா வாங்கிக் கட்டிக்கிட்டு வாரீங்க? நாமளா வெட்டுனோம்?" என்று தெருவுக்கு வந்து குதித்தேன்.

"அந்தப் புள்ள நம்ம மைக்கப் பாத்துத்தான பேசுச்சு? டெஸ்க்கையா பாத்துச்சு?" என்றார்.

அன்றைக்கு வண்டியில் அவர் தூங்கவில்லை. முதுகுக்குப் பின்னால் ஆள் இருக்கிறதா என்றே தெரியாத அளவுக்கு அமைதியாக வந்தார். நான்தான் கேட்டுவிட்டேன். "கோவிச்சுக்காதீங்க. நெசமாவேதான் அழுவுறீங்களாக்கா?"

வெகுதூரம் போன பிறகு பதில் வந்தது. "உக்காரும்போது தெரியலங்க தம்பி. அழுதுகிட்டு இருக்கறப்ப நெசந்தான். எந்திரிச்சப்பறம் மறுபடியும் தெரியல."

இந்த மனுஷியை என்ன செய்வது என்று எனக்குப் புரியவில்லை. கட்டிக்கொள்ளவும் தோன்றியது, பயமாகவும் இருந்தது.

அதற்கப்புறம்தான் மணமேல்குடிக் கடற்கரை. அதோடு சேனல் அவரை நிறுத்திவிட்டது. அதை இப்போதே சொல்லிவிடுகிறேன். வேலை போனதா இல்லையா என்று நீங்கள் கவலைப்பட்டுக்கொண்டிருக்க வேண்டாம், அக்காவே கவலைப்படவில்லை.

காற்றில் ஒரு படகு கவிழ்ந்துவிட்டது. அதில் போனவர்களை வேறொரு படகு தூக்கிக் கரைசேர்த்தது. ஒருவர் மட்டும் கிடைக்கவில்லை. நாங்கள் அறந்தாங்கியில் டீ குடிக்க நின்றபோது கடை டிவியில் எங்கள் சேனலே ஓடிக்கொண்டிருந்தது. 'கடலில் மூழ்கி மீனவர் பலி.' கீழே அவர் பெயர்.

அக்கா டீ கிளாஸைக் கீழே வைத்துவிட்டுப் போனை எடுத்தார். "சார், பலின்னு யாரு சார் சொன்னா? நான் இன்னும் போகவே இல்லையே."

"காலையிலேயே எல்லாச் சேனலும் போட்டாச்சு மேடம். நாமதான் ஃபர்ஸ்ட். சீக்கிரம் போங்க, ஒய்ஃப் பேசுற பைட் வேணும். நேரலை வச்சிருக்கேன்" என்றார் டெஸ்க்காரர்.

அந்தக் கடலில் அலை கிடையாது. சேறும் தண்ணீருமாக வெகுதூரம் பளபளத்துக்கொண்டு கிடக்கும். கரை எங்கே முடிகிறது, கடல் எங்கே தொடங்குகிறது என்று சொல்ல முடியாது. தேடப்போன படகுகள் கானலில் தண்ணீரைத் தொடாமல் நிற்பதாகத் தெரிந்தன. கரையில் பேசுகிறவர்களின் குரல்கூட எங்கோ தூரத்திலிருந்து வந்தது. ஊருக்குள் நுழையும்போதே எனக்கு விழித்திருக்கிறோமா என்று சந்தேகமாக இருந்தது.

தெருமுனையில் ஒரு வேன் நின்றது. காணாமல் போனவரின் மனைவிக்கு அண்ணன், புதுக்கோட்டையில் ஒரு பட்டறையில் வேலை பார்க்கிறவர். டிவியில் பார்த்துவிட்டு, சொந்தக்காரர்களை ஏற்றிக்கொண்டு வந்திறங்கியிருந்தார். கையில் மாலை, கூடவே மஞ்சள் பையில் கோடிச்சேலை. புருஷன் செத்தால் பிறந்த வீட்டார் கொண்டுவந்து போடுகிற சேலை அது. அது மேலே விழுந்துவிட்டால் அந்தப் பெண் விதவை. அண்ணனைக் குறை சொல்ல முடியாது. தாமதமாக வந்தால் பிறந்த வீட்டுக்குப் பேச்சு வரும் என்று ஓடிவந்திருக்கிறார். உடலே கிடைக்காத சாவுக்குக் கோடி வந்துவிட்டது.

வேனிலிருந்து இறங்கிய பெண்கள் அழுதுகொண்டே வீட்டுக்குள் போய் வட்டம் கட்டிவிட்டார்கள். நடுவில் அந்தப் பெண். சின்ன வயசு. கண்ணில் ஒரு சொட்டுக்கூட இல்லை. தாலியை இறுக்கிப் பிடித்துக்கொண்டிருந்தாள்.

"எதுக்கு அழுவுறீங்க? தேடத்தான போயிருக்காங்க? எம் வீட்டுல யாரும் அழுவாதீங்க" என்று எல்லாரிடமும் சொல்லிக்கொண்டிருந்தாள்.

"டிவிலயே போட்டுட்டான்டி, இன்னும் என்னடி!" என்று ஒரு பெரியம்மா நெஞ்சில் அடித்துக்கொண்டாள்.

வாசலில் மற்றச் சேனல்காரர்கள் கேமராவைத் தூக்கிப் பிடித்தபடி காத்திருந்தார்கள். அக்கா செருப்பைக் கழற்றிவிட்டு உள்ளே போனார். ஆள் வந்ததும் பெண்கள் பழக்கத்தில் நகர்ந்து இடம் விட்டார்கள். அந்தப் பெண் நிமிர்ந்து பார்த்தாள். அடையாளம் தெரிந்துவிட்டது.

"நீங்க டிவிதான? நீங்கதான போட்டீங்க? நீங்க அவரப் பாத்தீங்களா?"

"பாக்கலம்மா" என்றார் அக்கா.

"அப்பறம் எப்படிப் போட்டீங்க?"

அக்காவுக்கு அழுகை வந்துவிட்டது எனக்குத் தெரிந்தது. தாடை நடுங்கியது. மற்றவர்களுக்கு வியர்வை மாதிரி அவருக்குக் கண்ணீர், கூப்பிடாமலே வரும். அவர் மட்டும் அன்றைக்கு அந்த வட்டத்தில் கைபோட்டு அழுதிருந்தால், அந்தப் பெண்ணின் பக்கம் பேச அங்கே ஒருவர்கூட மிஞ்சியிருக்க மாட்டார்கள். அக்கா முந்தானையை வாயில் வைத்துக் கடித்தார். பிறகு அந்தப் பெண்ணின் பக்கத்தில், யார் தோளிலும் கைபோடாமல், நிமிர்ந்து உட்கார்ந்தார்.

"நான் அழுவலம்மா" என்றார். "யாரும் அழுவ வேணாம். நமக்குத் தெரியாது."

பெண்கள் அவரை முறைத்தார்கள். ஆனாலும் அழுகை கொஞ்சம் கொஞ்சமாகச் சுருதி இறங்கி நின்றது. அக்கா எழுந்து வெளியே வந்து அந்த அண்ணனிடம் போனார்.

"இந்தச் சேலைய யாருங்க எடுத்தாரச் சொன்னா?"

"டிவில போட்டாங்கள்ல?" என்றார் அவர்.

"அந்த டிவி நாந்தாங்க. நாஞ் சொல்றேன், எனக்குத் தெரியாது. வண்டியில வைங்க."

"வெளையாடுறீங்களா? எந் தங்கச்சிம்மா அது!" என்று அவர் கத்தினார். கத்தும்போதே அழுதுவிட்டார். அழுதுகொண்டே மஞ்சள் பையைக் கொண்டுபோய் வேன் சீட்டுக்கு அடியில் வைத்தார்.

டெஸ்க்கிலிருந்து நேரலைக்குக் கூப்பிட்டார்கள். அக்கா பெயர்க் கட்டையை எடுத்து மைக்கில் மாட்டினார். "தம்பி, இப்ப என்னைய எடுங்க" என்றார். கேமராவைப் பார்த்து, "இவர் இறந்துட்டதா நம்ம சேனல்ல போட்டது தப்பு. யாருக்கும் எதுவும் தெரியாது. தேடிட்டு இருக்காங்க. இவரு மனைவி வீட்டுல காத்துட்டு இருக்காங்க" என்றார். அதற்குள் இணைப்பைத் துண்டித்துவிட்டார்கள். அத்தோடு அவர் வேலை போயிற்று. பெயர்க் கட்டையை என்னிடம் கொடுத்துவிட்டு, இனிமேல் கடலைத் தோல் ஒட்டாது என்று சிரித்தார்.

நாங்கள் கிளம்பவில்லை. சாயங்காலம் அந்தப் பெண் எழுந்து அடுப்பு மூட்டினாள். உலை வைத்தாள். அக்கா அரிசி களைந்து கொடுத்தார். வெளிச்சம் மங்கி, கடலும் வீடும் புகையும் ஒன்றாகிப்போன அந்த நேரத்தில் தெருவே சத்தமில்லாமல் அந்தச் சோறு வேகிறதைப் பார்த்துக்கொண்டிருந்தது. அவர் வந்தால் பசியோடு வருவார் என்று மட்டும் ஒருமுறை அவள் சொன்னாள். அந்தக் கொஞ்ச நேரம் நானும் நம்பினேன்.

மறுநாள் உச்சிவெயிலில் படகுகள் அவரைக் கொண்டுவந்தன.

எனக்குப் போன் வந்தது. "பார்த்தியா? நாம மொதல்லயே சொன்னோம்ல? உங்கக்கா சேனல் மானத்த வாங்கிட்டாங்க" என்றார் டெஸ்க்காரர். குரலில் ஒரு சந்தோஷம்! நான் வாய்க்கு வந்தபடி திட்டிவிட்டுப் போனை அணைத்தேன். ஆனால் அந்த மனிதர் சொன்னது எனக்கும் உறைத்தது. இப்படித்தான் முடியும் என்றால் அக்கா என்னத்தைக் காப்பாற்றினார்? ஒரு ராத்திரிதானே?

அந்தப் பெண் கரைக்குப் போய்ப் பார்த்துவிட்டுத் திரும்பி வந்தாள். யாரும் அவளைப் பிடித்துக்கொண்டு வரவில்லை, தானாகவே நடந்து வந்தாள். வீடு முழுக்கப் பெண்கள் இருந்தார்கள். ஒருவரும் அழுகையைத் தொடங்கவில்லை. முந்தின நாள் அவள் பேச்சைக் கேட்காதவர்கள் எல்லாரும் அவள் வாயையே பார்த்துக்கொண்டிருந்தார்கள். அவள் நடுவீட்டில் உட்கார்ந்தாள். வாசலில் நின்ற அக்காவைப் பார்த்தாள். தன் பக்கத்தில் தரையைக் கையால் தட்டினாள்.

"வாங்கக்கா" என்றாள். "இப்ப அழுவலாம்."

அக்கா உள்ளே போய் அவள் தோளில் கைபோட்டார். வீடே வெடித்தது. முந்தின நாளே டிவியில் செத்துப்போன மனிதர் அவர் வீட்டில் அப்போதுதான் செத்தார். நான் கேமராவைப் பைக்குள் வைத்து மூடிவிட்டு வாசல் மண்ணில் உட்கார்ந்தேன். அவரை எனக்குத் தெரியாது, அவர் குரல் எப்படி இருக்கும் என்றுகூடத் தெரியாது. அழுதேன்.